வென்ற அணி, தோற்ற பந்தயம்: அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலில் பாயிண்ட் ஸ்ப்ரெட் எப்படி வேலை செய்கிறது?

புதுவரவு (ஓஹையோ) | ஞாயிறு காலை 10:42

அனைவருக்கும் வணக்கம். முதுகலை படிக்க வந்து ஐந்து வாரம்தான் ஆகிறது. நேற்று எங்கள் பல்கலைக்கழக அணியின் ஆட்டத்தை வீட்டில் நான்கு பேர் சேர்ந்து பார்த்தோம். 27-17 என்று எங்கள் அணி வென்றது. தெரு முழுக்க ஹாரன் சத்தம். அறைத்தோழர் ஒருவர் மட்டும் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார். அவர் பந்தயம் கட்டியிருந்ததும் எங்கள் அணியின் மேல்தான்! வென்ற அணியின் மேல் கட்டியவர் எப்படித் தோற்றார்?

கேட்டதற்கு, "மைனஸ் 14 எடுத்திருந்தேன், கடைசி நிமிடத்தில் பின்வாசல் வழியாகப் போய்விட்டது" என்றார். அதற்கு மேல் அவரிடம் கேட்க மனம் வரவில்லை. அவருடைய கைபேசியில் அணியின் பெயருக்குப் பக்கத்தில் -14 என்றும், அதன் கீழே சிறிய எழுத்தில் -110 என்றும் இருந்தன. பந்தயம் கட்டும் எண்ணம் எனக்கு இல்லை. ஆனால் வகுப்பிலும் ஆய்வுக்கூடத்திலும் சனிக்கிழமை வந்தால் எல்லோரும் இந்த எண்களைத்தான் பேசுகிறார்கள். யாராவது அடியிலிருந்து விளக்க முடியுமா?

கணக்குமேசை (பென்சில்வேனியா) | ஞாயிறு காலை 11:30

தம்பி, ஸ்ப்ரெட் பந்தயத்தில் யார் வெல்வார் என்ற கேள்வியே கிடையாது. எத்தனை புள்ளி வித்தியாசத்தில் என்பது மட்டுமே கேள்வி.

பிள்ளைகள் ஓட்டப்பந்தயம் ஓடும்போது சின்னவனைப் பத்தடி முன்னால் நிறுத்திவிட்டு விசில் ஊதுவோம் அல்லவா? அந்தப் பத்தடிதான் ஸ்ப்ரெட். ஆனால் இங்கே அந்தப் பத்தடி மைதானத்தில் இல்லை, பந்தயச் சீட்டில் மட்டும் இருக்கிறது. ஆடுகிற பையன்கள் எல்லோரும் ஒரே கோட்டிலிருந்துதான் ஓடுகிறார்கள். அவர்கள் துரத்துவது வெற்றியை. உங்கள் தோழர் துரத்தியது 14-ஐ.

பலமான அணிக்கு மைனஸ், பலவீனமான அணிக்கு பிளஸ். உங்கள் அணி மைனஸ் 14. 27-இல் 14 போனால் 13. எதிரணியின் 17 அப்படியே இருக்கிறது. ஆகவே உங்கள் தோழரின் சீட்டில் அந்த ஆட்டம் 13-17 என்று தோல்வியில் முடிந்தது. எதிரணியை பிளஸ் 14 என்று எடுத்தவர் ஆட்டத்தில் தோற்ற அணியோடு நின்று பணம் வென்றார். சரியாக 14 புள்ளி வித்தியாசத்தில் முடிந்திருந்தால் கட்டிய பணம் அப்படியே திரும்பி வரும். அதை 'புஷ்' என்பார்கள். அந்த நிலை வராமலிருக்கத்தான் பல லைன்கள், அதாவது ஸ்ப்ரெட் எண்கள், பதின்மூன்றரை, பதினாலரை என்று அரையில் நிற்கின்றன. அந்த அரைப்புள்ளிக்கு 'ஹுக்' என்று பெயர்.

இந்த முறையை 1940களில் உருவாக்கியவர் என்ற பெருமையைச் சிகாகோவில் இருந்த சார்லஸ் மெக்நீல் என்பவருக்குத் தருகிறார்கள். கணக்கு ஆசிரியராக இருந்தவர். அதற்கு முன் வெற்றி தோல்விக்கு மட்டுமே விகிதம் சொல்வார்கள். ஒரு பெரிய அணியும் ஒரு சின்னக் கல்லூரியும் மோதினால் அந்தப் பந்தயத்தில் யாருக்கு ஆர்வம் வரும்? கல்லூரி ஃபுட்பாலுக்கு ஸ்ப்ரெட் அவ்வளவு பொருந்தியதற்குக் காரணம் இதுதான். மேல்நிலைப் பிரிவில் மட்டும் 130-க்கு மேற்பட்ட அணிகள் இருக்கின்றன. அவற்றுக்குள் இருக்கும் ஏற்றத்தாழ்வு மலைக்கும் மடுவுக்கும் இருப்பது போன்றது. தொழில்முறை லீகான என்எஃப்எல்லில் 14 புள்ளி ஸ்ப்ரெட் என்றாலே அரிது. கல்லூரியில் செப்டம்பர் மாதம் 30, 40 என்று பார்க்கலாம்.

நியூஜெர்சிவாசி | ஞாயிறு மதியம் 12:15

'பின்வாசல்' பற்றி யாரும் சொல்லவில்லையே. நேற்றைய ஆட்டத்தில் கடைசிக்கு முன்பு 27-10 இருந்திருக்கும் என்று நினைக்கிறேன். 17 புள்ளி முன்னிலை, ஆட்டம் கையில் இருக்கிறது. அந்த நேரத்தில் முன்னிலையில் இருக்கும் அணி முதல்வரிசை ஆட்டக்காரர்களை வெளியே எடுத்துவிடும். தடுப்பாட்டக்காரர்கள் பின்னால் தள்ளி நின்று, நீளமான பாஸ் போகாமல் மட்டும் பார்த்துக்கொள்வார்கள். எட்டு கெஜம், பத்து கெஜம் என்று குட்டிப் பாஸ்களைக் கண்டுகொள்ள மாட்டார்கள். கடிகாரம் ஓடினால் போதும் அவர்களுக்கு. எதிரணி அப்படியே நகர்ந்து நகர்ந்து போய் ஒரு டச்டவுன் (பந்தைக் கோல்கோட்டுக்கு அப்பால் கொண்டுபோவது, கூடுதல் உதையோடு ஏழு புள்ளி) போட்டுவிடும். ஆட்டத்துக்கு அதனால் ஒரு மாற்றமும் இல்லை. பயிற்சியாளர் கவலைப்பட மாட்டார். ஆனால் 17 வித்தியாசம் 10 ஆகிவிட்டது. ஸ்ப்ரெட்டைச் சேர்த்துப் பார்த்தால் வெல்வது 'கவர்'. கடைசி நேரத்தில் இப்படி நுழைந்து கவர் செய்வதைத்தான் பின்வாசல் கவர் என்கிறார்கள்.

புதுவரவு | ஞாயிறு மதியம் 12:40

ஆம் அண்ணா, 27-10 தான் இருந்தது! கடைசி டச்டவுனுக்கு எங்கள் வீட்டில் ஒருவரும் எழுந்துகூடப் பார்க்கவில்லை, அவர் ஒருவரைத் தவிர. இப்போதுதான் புரிகிறது. கணக்குமேசை அண்ணா, அந்த -110 என்ன?

கணக்குமேசை | ஞாயிறு மதியம் 1:25

அது பந்தய நிறுவனத்தின் தரகு. இழைக்கு வருகிறவர்கள் எல்லோரும் 14-ஐப் பார்க்கிறார்கள், 110-ஐப் பார்ப்பதில்லை. அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

மைனஸ் 110 என்றால் 100 டாலர் வெல்ல 110 டாலர் வைக்க வேண்டும். இரண்டு பேர் எதிரெதிர்ப் பக்கம் தலா 110 வைத்தால் மேசையில் 220 சேர்கிறது. வென்றவர் தம்முடைய 110-ஐயும் மேலே 100-ஐயும் எடுத்துக்கொண்டு போவார். மீதி 10 நிறுவனத்துக்கு. மொத்தப் பணத்தில் நாலரை விழுக்காடு.

ஒருவர் ஒரு பருவத்தில் இப்படி 100 பந்தயம் கட்டுகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். சரிபாதி வென்றால் 5,000 வரும், 5,500 போகும். பாதிக்குப் பாதி சரியாகச் சொல்லியும் 500 டாலர் நஷ்டம். 52 வென்றாலும் 80 டாலர் நஷ்டம்தான். 53 வென்றால்தான் 130 டாலர் கையில் நிற்கும். துல்லியமாகச் சொன்னால் 52.38 விழுக்காடு வென்றால் வரவும் செலவும் சரியாகிவிடும். பாதிக்கும் அதற்கும் இரண்டே சொச்சம்தானே என்று தோன்றும். அந்த இரண்டு சொச்சத்தை ஆண்டுக்கணக்கில் எட்டிப் பிடிப்பவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்கள்.

ஹைஸ்ட்ரீட் (கொலம்பஸ்) | ஞாயிறு மாலை 4:05

18 ஆண்டுகளாக இந்த ஊரில் இருக்கிறேன். ஆட்டமும் பந்தயமும் ஒரே திரையில் ஓடும் இரண்டு வேறு கதைகள் என்பதை எனக்கு உணர்த்திய ஆட்டத்தைச் சொல்கிறேன். 2025 ஜனவரி 20, அட்லாண்டாவில் தேசிய இறுதிப்போட்டி, ஓஹையோ ஸ்டேட்டும் நோட்ர டேமும். ஸ்ப்ரெட் பெரும்பாலும் ஓஹையோ ஸ்டேட் மைனஸ் எட்டரை.

மூன்றாம் காற்பகுதியில் ஓஹையோ ஸ்டேட் 31-7 என்று முன்னிலை. பந்தயம் முடிந்துவிட்டது என்று எல்லோரும் நினைத்தார்கள். நோட்ர டேம் ஒரு டச்டவுன் போட்டது. அதன்பின் ஒரு புள்ளி உதைக்குப் பதிலாக இரண்டு புள்ளி முயற்சி (பந்தை மறுபடியும் கோல்கோட்டுக்கு அப்பால் கொண்டுபோவது) எடுத்து வென்றது. 31-15. பிறகு நான்கு நிமிடம் சொச்சம் இருக்கும்போது மறுபடியும் அதே டச்டவுன், அதே இரண்டு புள்ளி. 31-23. இப்போது வித்தியாசம் எட்டு. எட்டரை எடுத்தவர்கள் அரைப்புள்ளியில் தோற்றுக்கொண்டிருக்கிறார்கள். எட்டு என்று எடுத்தவருக்குப் பணம் திரும்ப வரும் நிலை. புதுவரவு தம்பி, ஹுக் என்றால் என்ன என்பதை அந்த நிமிடம் பாடமாகவே நடத்தியது.

ஓஹையோ ஸ்டேட்டுக்கு மூன்றாவது முயற்சி, பந்தைத் தக்கவைக்க 11 கெஜம் தேவை. ஓஹையோ ஸ்டேட்டின் குவார்ட்டர்பேக் (பந்தை எறிந்து ஆட்டத்தை நடத்துபவர்) வில் ஹவர்ட், முதலாண்டு மாணவர் ஜெரமையா ஸ்மித்துக்கு ஒரு நீளமான பாஸ் எறிந்தார். 56 கெஜம். என் வீட்டுக்கூரை அதிர்ந்தது. கடைசியில் 26 வினாடி இருக்கும்போது 33 கெஜ தூர ஃபீல்ட் கோல் (கம்பங்களுக்கு நடுவே உதைப்பது, மூன்று புள்ளி). 34-23. வித்தியாசம் 11.

அந்த உதை ஏன் உதைக்கப்பட்டது என்பதைக் கவனியுங்கள். எட்டுப் புள்ளி முன்னிலையை ஒரு டச்டவுனும் இரண்டு புள்ளி முயற்சியும் சமன்செய்துவிடும். பதினொன்றைச் சமன்செய்ய இரண்டு முறை பந்து வேண்டும். கோப்பையை உறுதிசெய்ய உதைத்தார்கள். எட்டரையைக் காப்பாற்ற உதைக்கவில்லை. அதே உதையில் எத்தனையோ பேருடைய சீட்டு தோல்வியிலிருந்து வெற்றிக்கு மாறிவிட்டது.

ஆன்ஆர்பர்அக்கா (மிச்சிகன்) | ஞாயிறு மாலை 5:20

ஹைஸ்ட்ரீட் அண்ணன் அதற்கு ஏழு வாரம் முந்தைய ஆட்டத்தை விட்டுவிட்டார், நான் விடமாட்டேன். 2024 நவம்பர் 30, கொலம்பஸில் மிச்சிகன் 13, ஓஹையோ ஸ்டேட் 10. ஓஹையோ ஸ்டேட் சுமார் 20 புள்ளி ஃபேவரிட், அதாவது வெல்லும் என்று எதிர்பார்த்த பலமான அணி. 45 வினாடி மீதி இருக்கும்போது ஃபீல்ட் கோல் அடித்து நாங்கள் வென்றோம். நான் அழுதுவிட்டேன்.

ஆனால் மிச்சிகன் பிளஸ் 20 எடுத்தவரின் சீட்டுக்கு அந்த உதை இருந்தாலும் இல்லாவிட்டாலும் ஒன்றுதான். 10-10 என்று இருந்தபோதே அந்தச் சீட்டு பாதுகாப்பாக இருந்தது. வரலாற்றில் நிற்கும் உதை பந்தயத்துக்கு ஒரு பொருட்டே இல்லை. யாரும் எழுந்து பார்க்காத கடைசி டச்டவுன் பந்தயத்துக்கு எல்லாமும் ஆகிவிடுகிறது. எனக்கு இதில் மனவருத்தம் உண்டு. சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு பார்ப்பவர் வேறு ஓர் ஆட்டத்தைப் பார்க்கிறார்.

சிகாகோரயில் | ஞாயிறு இரவு 8:48

ஸ்ப்ரெட் என்பது கணிப்பே இல்லை. இரண்டு பக்கமும் சமமாகப் பணம் விழ வேண்டும் என்பதற்காக நிறுவனம் வைக்கும் எண், அவ்வளவுதான். ஒரு பக்கம் பணம் குவிந்தால் எண்ணை நகர்த்துவார்கள். பெரிய எண்களைப் பாருங்கள்: 2007-இல் ஸ்டான்ஃபோர்ட் 41 புள்ளி அண்டர்டாக்காக (பலவீனமான அணியாக) போய் யுஎஸ்சியை (தெற்குக் கலிஃபோர்னியா பல்கலைக்கழகம்) 24-23 என்று வென்றது. 2017-இல் ஹவர்ட் பல்கலைக்கழகம் 45 புள்ளி அண்டர்டாக், லாஸ் வேகஸில் அந்த ஊர்ப் பல்கலைக்கழக அணியான யுஎன்எல்வியை 43-40 என்று வீழ்த்தியது. இதையெல்லாம் கணிப்பு என்று சொல்வதா?

கணக்குமேசை | ஞாயிறு இரவு 9:37

மேற்கோள்: "இரண்டு பக்கமும் சமமாகப் பணம் விழ வேண்டும் என்பதற்காக நிறுவனம் வைக்கும் எண்"

பாதிதான் சரி, நண்பரே. நிறுவனங்கள் ஒவ்வோர் அணிக்கும் தாமே ஒரு பலமதிப்பீடு வைத்திருக்கின்றன. இரண்டு அணிகளின் மதிப்பீட்டையும் கழித்து, சொந்த மைதானத்துக்குச் சில புள்ளி சேர்த்து, முதல் எண்ணை வெளியிடுகின்றன. ஆரம்பத்தில் சிறிய தொகைக்கு மட்டுமே பந்தயம் ஏற்பார்கள். தேர்ந்த கைகள் வந்து எந்தப் பக்கம் தொடுகின்றன என்று பார்த்து எண்ணைத் திருத்துவார்கள். அப்படித் திருத்திய எண்ணில் நம்பிக்கை வந்துவிட்டால், ஊர்மக்கள் பணம் எல்லாம் புகழ்பெற்ற அணியின் பக்கமே குவிந்தாலும் அசையாமல் நிற்பார்கள். தொடர்ந்து வெல்பவர்களுக்குப் பந்தயத் தொகையின் உச்சவரம்பைக் குறைத்துவிடும் நிறுவனங்கள் இருக்கின்றன. சமமாகப் பணம் விழுவது மட்டுமே நோக்கம் என்றால் அதற்குத் தேவையே இல்லையே?

அந்த எண் ஒரு நடுப்புள்ளி. இந்தப் பக்கம் பாதி வாய்ப்பு, அந்தப் பக்கம் பாதி வாய்ப்பு. ஸ்டான்ஃபோர்டும் ஹவர்டும் வென்றது அந்த எண் பொய் என்பதற்குச் சான்றாகாது. நடுப்புள்ளியின் இருபுறமும் எவ்வளவு தொலைவுக்கு முடிவுகள் சிதறுகின்றன என்பதற்குச் சான்று. 19 வயதுப் பையன்கள் ஆடும் ஆட்டம் இது.

கல்லூரியில் எண் திடீரென்று நகர்வதற்கு இன்னொரு காரணமும் உண்டு. என்எஃப்எல் போல எல்லா அணிகளும் காயப்பட்டியல் தர வேண்டும் என்ற நாடுதழுவிய கட்டாயம் இங்கே இல்லாதிருந்தது. கல்லூரி அணிகளின் கூட்டமைப்புகளான பிக் டென் 2023-இலும் எஸ்இசி 2024-இலும்தான் ஆட்டத்துக்கு முன் யார் ஆடுவார், யார் ஆடமாட்டார் என்று வெளியிடத் தொடங்கின. பருவ இறுதி பவுல் ஆட்டங்கள் இன்னும் மோசம். 2023 டிசம்பர் 30 ஆரஞ்சு பவுலில் ஃபுளோரிடா ஸ்டேட்டின் முக்கிய ஆட்டக்காரர்கள் பலர் விலகிக்கொண்டார்கள். ஜார்ஜியா 63-3 என்று வென்றது. அணியின் பெயரைப் பார்த்து எண்ணை மதிப்பிட்டவர்கள் அந்த அணியே அங்கே இல்லை என்பதைப் பார்க்கவில்லை.

சிகாகோரயில் | ஞாயிறு இரவு 10:02

உச்சவரம்பு பற்றிச் சொன்னது சரியான கேள்வி. ஒப்புக்கொள்கிறேன். 3, 7 என்ற வித்தியாசங்கள் ஏன் முக்கியம் என்றும் சொல்லிவிடுங்களேன்.

கணக்குமேசை | ஞாயிறு இரவு 10:20

ஃபீல்ட் கோலுக்கு மூன்று, டச்டவுனும் உதையும் சேர்ந்து ஏழு. ஆகவே ஆட்டங்கள் 3, 7, 10, 14 என்ற வித்தியாசங்களில் அதிகமாக முடிகின்றன. இரண்டரைக்கும் மூன்றரைக்கும் உள்ள ஒரு புள்ளி, எட்டரைக்கும் ஒன்பதரைக்கும் உள்ள ஒரு புள்ளியைவிட விலைமதிப்பானது. என்எஃப்எல்லில் இந்தக் குவிதல் இன்னும் அதிகம். கல்லூரியில் புள்ளிகள் நிறைய விழுவதால் சற்றுப் பரவிவிடும்.

கூடுதல் நேரமும் ஸ்ப்ரெட்டில் சேரும், பலர் மறந்துவிடுகிறார்கள். 2021 விதிப்படி மூன்றாவது கூடுதல் சுற்றிலிருந்து இரண்டு புள்ளி முயற்சிகள் மட்டுமே மாறி மாறி நடக்கும். அந்த ஆண்டு இலினாய் அணி பென் ஸ்டேட்டை ஒன்பது சுற்று ஆடி 20-18 என்று வென்றது நினைவிருக்கும். மூன்றரை ஃபேவரிட் எடுத்தவரின் ஆட்டம் மூன்றாவது சுற்றை எட்டிவிட்டால் அவர் தொலைக்காட்சியை அணைத்துவிடலாம். அதற்குமேல் இரண்டு புள்ளிக்கு அதிகமாக வெல்ல வழியில்லை.

பெயர்வேண்டாம் | திங்கள் அதிகாலை 1:14

இதை எழுதலாமா என்று இரண்டு நாள் யோசித்திருப்பேன், இந்த இழையைப் பார்த்ததும் எழுதுகிறேன். நான் முனைவர் பட்ட மாணவன். சென்ற பருவம் ஆகஸ்டிலிருந்து ஜனவரிவரை பந்தயம் கட்டினேன். நின்றபிறகு ஓர் இரவு எல்லாச் சீட்டுகளையும் இறக்கி எக்செல்லில் வரிசையாகப் போட்டுப் பார்த்தேன்.

ஸ்ப்ரெட் பந்தயம் மொத்தம் 61, ஒவ்வொன்றுக்கும் 55 டாலர். 30 வென்றேன், 31 தோற்றேன். நஷ்டம் 205 டாலர். இதைப் பார்த்து எனக்கே வியப்பு. நான் நினைத்த அளவுக்கு மோசமாக ஊகிக்கவில்லை. நாணயம் சுண்டியிருந்தாலும் இதேதான் வந்திருக்கும்.

மற்ற பணம் எங்கே போனது என்றால் பார்லே. நான்கு, ஐந்து ஆட்டங்களை ஒரே சீட்டில் கோத்துக் கட்டுவது. ஒன்று தவறினாலும் முழுச் சீட்டும் போய்விடும். 20 டாலர் வீதம் 70 சீட்டு, 1,400 டாலர். வென்றது இரண்டே, இரண்டும் நான்கு ஆட்டச் சீட்டுகள். திரும்பி வந்தது 531. ஆக மொத்த நஷ்டம் 1,074 டாலர். எனக்கு அது ஒரு மாத வாடகையும் மளிகையும். கல்விக்கடன் தவணைக்காக வீட்டில் நகை அடகில் இருக்கும்போது இங்கே இதைச் செய்தேன்.

தொகையைவிட எனக்கு வலிப்பது வேறு. நவம்பரில் ஒரு சனிக்கிழமை இரவு, பெயர்கூடச் சரியாகச் சொல்லத் தெரியாத ஓர் அணியின் மூன்றாம்வரிசைக் குவார்ட்டர்பேக்கைப் பார்த்து, கைபேசித் திரையில் கத்திக்கொண்டிருந்தேன். அம்மா அழைத்தார். எடுக்கவில்லை.

கணக்குமேசை | திங்கள் காலை 7:05

எழுதியதற்கு நன்றி தம்பி. உங்கள் கணக்கை யாரும் குறைத்துப் பார்க்கக் கூடாது. நான்கு ஆட்டச் சீட்டு வெல்ல 16-இல் ஒரு வாய்ப்பு. நியாயமாக 15 மடங்கு லாபம் தர வேண்டும். மைனஸ் 110 கணக்கில் கிடைப்பது 12 மடங்கும் சொச்சமும். ஒவ்வோர் ஆட்டத்தைக் கோக்கும்போதும் தரகும் சேர்ந்து பெருகுகிறது. விளம்பரங்களில் பார்லேயை ஏன் அவ்வளவு ஆசையாகக் காட்டுகிறார்கள் என்பதற்கு இதுதான் காரணம்.

ஓஹையோவில் இருப்பவர்களுக்கு: 'டைம் அவுட் ஓஹையோ' என்ற மாநிலப் பட்டியலில் நீங்களாகவே பெயர் சேர்க்கலாம். ஓராண்டு, ஐந்தாண்டு, வாழ்நாள் என்று மூன்று தெரிவுகள். சேர்த்துவிட்டால் எந்த நிறுவனமும் உங்களிடம் பந்தயம் ஏற்கக் கூடாது.

ஆன்ஆர்பர்அக்கா | திங்கள் காலை 8:30

தம்பி, அம்மாவை இன்று அழையுங்கள்.

புதுவரவு | செவ்வாய் மாலை 6:11

இன்னொரு சந்தேகம். வெற்றியைவிட வித்தியாசம்தான் பணம் என்றால், ஆடுகிறவர்களே வித்தியாசத்தை மாற்ற முடியாதா? வென்றுகொண்டே குறைத்து வெல்லலாம் அல்லவா?

ஹைஸ்ட்ரீட் | செவ்வாய் இரவு 9:00

முடியும், நடந்தும் இருக்கிறது. அதற்குப் பெயரே 'பாயிண்ட் ஷேவிங்'. 1951-இல் நியூயார்க் சிட்டி காலேஜ் கூடைப்பந்து அணி இதில்தான் சிக்கியது. ஃபுட்பாலில் நார்த்வெஸ்டர்ன். 1994-இல் அயோவாவுக்கு எதிரான ஆட்டத்தில், அதன் ஆட்டக்காரர் ஒருவர் கோல்கோட்டை ஒட்டி வந்து பந்தை வேண்டுமென்றே நழுவவிட்டார். தம்முடைய அணி ஸ்ப்ரெட்டைக் கவர் செய்யாது என்று அவர் பந்தயம் கட்டியிருந்தார். வழக்கு வந்தபோது ஒப்புக்கொண்டார். தோற்கும் அணியில் இருப்பவனுக்கு "எப்படியும் தோற்கத்தானே போகிறோம்" என்று தோன்றுவது எவ்வளவு எளிது! ஸ்ப்ரெட்டின் ஆபத்து அங்கேதான் இருக்கிறது. வெற்றியை விற்கச் சொன்னால் மறுக்கிற பையன்கூட மூன்று புள்ளியை விற்கச் சொன்னால் தடுமாறலாம்.

ஓஹையோ 2024 மார்ச்சில் கல்லூரி ஆட்டக்காரர்களின் தனிப்பட்ட செயல்பாட்டின் மேல் கட்டும் பந்தயங்களைத் தடைசெய்தது. தேசியக் கல்லூரி விளையாட்டு அமைப்பான என்சிஏஏ கேட்டுக்கொண்டது. நான் அதை வரவேற்றேன்.

நியூஜெர்சிவாசி | புதன் காலை 7:48

எங்கள் மாநிலம் ஒருபடி மேலே. 2018 மே 14 அன்று உச்சநீதிமன்றம் விளையாட்டுப் பந்தயத்தைத் தடுத்த 1992-ஆம் ஆண்டு மத்தியச் சட்டத்தை நீக்கியதே நியூ ஜெர்சி தொடர்ந்த வழக்கில்தான். ஆனால் இங்கே நியூ ஜெர்சிக் கல்லூரி அணிகளின் மேல் பந்தயம் கட்ட முடியாது. எங்கள் மாநிலப் பல்கலைக்கழக அணியான ரட்கர்ஸ் எங்கே ஆடினாலும் சரி. 2021-இல் அதைத் தளர்த்தலாமா என்று வாக்கெடுப்பு நடந்தது, மக்கள் வேண்டாம் என்றார்கள். டெக்சஸிலும் கலிஃபோர்னியாவிலும் இன்னும் விளையாட்டுப் பந்தயமே சட்டப்படி கிடையாது. ஓஹையோவில் 2023 ஜனவரி 1 முதல் உண்டு, 21 வயது நிரம்பியவர்களுக்கு. மாநிலம் மாறும்போது விதியும் மாறும்.

புதுவரவு | ஞாயிறு காலை 9:20

நேற்று முதன்முறையாக மைதானத்துக்கே போனேன். மாணவர் டிக்கெட். அறைத்தோழரும் வந்தார், இந்த வாரம் கட்டவில்லை என்றார். எங்கள் அணி முப்பத்தொன்றரை ஃபேவரிட் என்பதை மட்டும் வழியில் சொன்னார்.

ஒரு நிமிடமும் பத்து வினாடியும் மீதி இருக்கும்போது 37-7. பந்து எங்களிடம், கோல்கோட்டிலிருந்து 12 கெஜத்தில். எதிரணிக்கு டைம்அவுட் (கடிகாரத்தை நிறுத்தும் வாய்ப்பு) எதுவும் மிச்சமில்லை. மாற்று குவார்ட்டர்பேக் பந்தை வாங்கி மெதுவாக ஒரு முழங்காலை மண்ணில் ஊன்றினார், அதோடு அந்த முயற்சி முடிந்தது. முன்வரிசையில் மோதிக்கொள்ள வேண்டிய இரு தரப்பினரும் நிமிர்ந்து நின்று ஒருவர் தோளை ஒருவர் தட்டிக்கொண்டார்கள். கடிகாரம் ஓடியது. மறுபடியும் அதே முழங்கால்.

எங்களுக்கு இரண்டு வரிசை கீழே ஒரு பெரியவர் எழுந்து நின்று "உதையுங்கள், உதையுங்கள்" என்று தொண்டை கிழியக் கத்தினார். சுற்றியிருந்தவர்கள் 30 புள்ளி முன்னிலையில் இவருக்கு என்ன ஆயிற்று என்பதுபோலத் திரும்பிப் பார்த்தார்கள். நான் மனத்துக்குள் 37-உடன் மூன்றைக் கூட்டினேன், ஏழைக் கழித்தேன். 33. அறைத்தோழர் என்னைப் பார்த்தார். அவரும் அதே கணக்கைப் போட்டு முடித்திருந்தார். பெரியவர் உட்காரும்வரை நாங்கள் இருவரும் ஒன்றும் பேசவில்லை.